சிந்தசைசர் விரிவாக்கப் பலகைகளும் மென்பொருள் மறுவுருவாக்கமும்

எஸ்ஆர்-ஜேவி80 என்பது ஜப்பானின் ரோலண்ட் நிறுவனம் தன் ஜேவி, எக்ஸ்பி வரிசை சிந்தசைசர்களுக்காக 1990-களில் வெளியிட்ட விரிவாக்கப் பலகைகளின் பொதுப்பெயர். கருவியின் மூடியைக் கழற்றி உள்ளே பொருத்த வேண்டிய சிறிய மின்சுற்றுப் பலகைகள் இவை. ஒவ்வொன்றும் ஒரு ஒலி நூலகம். இவையும் இவற்றுக்குப் பின்வந்த எஸ்ஆர்எக்ஸ் வரிசையும், கோர்க் நிறுவனத்தின் ஒலி அட்டைகளும் இன்று பல வடிவங்களில் கணினி மென்பொருளாகக் கிடைக்கின்றன. இந்த மென்பொருள்கள் பழைய ஒலியை எந்த அளவு மீட்டுள்ளன, எதை விட்டுவிட்டன, எதைச் சேர்த்தன என்பது இசை தொழில்நுட்ப விமர்சனத்தில் முக்கியமான கேள்வி. ‘அப்படியே இருக்கிறது’, ‘பழைய உயிர் இல்லை’ என்ற இரண்டு தீர்ப்புகளுக்கு நடுவில் இந்த விவாதம் பெரும்பாலும் நின்றுவிடுகிறது. எது மறுவுருவாக்கப்படுகிறது என்று முதலில் பிரித்துப் பார்க்காமல் இரண்டில் எதையும் ஏற்கவோ மறுக்கவோ முடியாது.

பின்னணி

எஸ்ஆர்-ஜேவி80 பலகைகள் 1992-இல் வந்த ஜேவி-80 கீபோர்டுடனும் அதன் ரேக் வடிவமான ஜேவி-880 உடனும் அறிமுகமாயின. அவ்விரண்டிலும் ஒரு பலகைக்கே இடம் இருந்தது. 1994-இல் வந்த ஜேவி-1080 நான்கு பலகைகளை ஏற்றது. பின்வந்த ஜேவி-2080 எட்டை ஏற்றது. பாப், ஆர்கெஸ்ட்ரல், பியானோ, விண்டேஜ் சிந்த், வேர்ல்ட், டான்ஸ் என்று தொடங்கி 19-ஆம் எண்ணான ஹவுஸ் வரை பலகைகள் வெளிவந்தன. இவற்றைத் தவிர, ஒலிகளைத் தேர்ந்தெடுத்துச் சேர்த்த எக்ஸ்பீரியன்ஸ் என்ற மூன்று மாதிரிப் பலகைகளும் உண்டு.

ஒவ்வொரு பலகையிலும் இருந்தது 8 மெகாபைட் அளவு ஒலிமாதிரிகள். ஜேவி-1080-இன் உள்நினைவகமும் 8 மெகாபைட். நான்கு பலகைகளையும் ஒரு அட்டையையும் சேர்த்தால் மொத்தம் 42 மெகாபைட் வரை போகும். இன்று ஒரே ஒரு பியானோவின் ஒலிமாதிரித் தொகுப்பு பல ஜிகாபைட் இருக்கிறது. அந்த 8 மெகாபைட்டுக்குள் ஒரு முழு ஆர்கெஸ்ட்ராவை அடக்க வேண்டியிருந்தது. ஆகவே ஒவ்வொரு ஸ்வரத்தையும் தனியாகப் பதிவுசெய்யாமல், சில ஸ்வரங்களை மட்டும் பதிவுசெய்து அவற்றை மேலும் கீழும் இழுத்துப் பயன்படுத்தினர். நீண்ட ஒலியின் முதல் பகுதியை மட்டும் வைத்துக்கொண்டு மீதியைச் சிறு சுழற்சியாக்கினர். தரவைச் சுருக்கிச் சேமித்தனர்.

ஒலிமாதிரி மட்டுமே ஒரு பலகையின் ஒலி ஆகாது. ஜேவி கருவிகளில் ஒரு ‘பேட்ச்’ என்பது நான்கு ‘டோன்’கள் வரை கொண்டது. ஒவ்வொரு டோனுக்கும் தனி ஒலிமாதிரி, தனி ஃபில்டர், தனி அதிர்வெண் அசைவு, தனி ஒலியளவு வடிவம் உண்டு. விசையை மெல்ல அழுத்தினால் ஒரு டோனும் பலமாக அழுத்தினால் வேறொன்றும் ஒலிக்கும்படி அமைக்கலாம். இப்படி அமைப்பது ஒரு தனிக் கலை. ரோலண்டின் ஒலி வடிவமைப்பில் முக்கியப் பங்காற்றிய எரிக் பெர்சிங் பின்னர் ஸ்பெக்ட்ராசோனிக்ஸ் என்ற தன் சொந்த ஒலி நூலக நிறுவனத்தைத் தொடங்கியதையும், அந்நிறுவனம் அந்தத் துறையில் பெற்ற இடத்தையும் பார்த்தால் இந்தக் கலையின் மதிப்பு புரியும்.

ஆக, ஒரு விரிவாக்கப் பலகையின் ஒலி மூன்று அடுக்குகளால் ஆனது. முதலாவது ஒலிமாதிரி. இரண்டாவது அதை ஒழுங்குபடுத்தும் பேட்ச். மூன்றாவது இரண்டையும் வாசிக்கும் இயந்திரம், அதாவது ஃபில்டரும் எஃபெக்டுகளும் ஸ்வரத்தை உயர்த்தித் தாழ்த்தும் கணக்கீட்டு முறையும். மென்பொருள் மறுவுருவாக்கங்கள் வேறுபடுவது இம்மூன்றில் எதை எப்படிக் கையாளுகின்றன என்பதில்தான்.

ஏன் இது முக்கியம்

1990-களின் பாடல்கள், விளம்பர இசை, தொலைக்காட்சி இசை பலவும் மிடி கோப்புகளாக எழுதப்பட்டன. மிடி கோப்பில் ஒலி இருக்காது. எந்த விசை, எவ்வளவு அழுத்தம், எவ்வளவு நேரம் என்ற குறிப்புகளும், எந்த ஒலி வங்கி, அதில் எத்தனையாவது ஒலி என்ற எண்களும் மட்டுமே இருக்கும். அந்த எண் சுட்டும் பலகை கருவியில் இல்லையென்றால் கோப்பு வேறு ஒலியில் வாசிக்கும், அல்லது வாசிக்காது. ஓர் இசையமைப்பாளர் 1997-இல் எழுதிய பாடலைத் திருத்தி மறுபடி கலவை செய்ய விரும்பினால், அவருக்கு அதே கருவியும் அதே பலகையும் வேண்டும். ஒலிப்பதிவு நாடாவோ வட்டோ இருந்தால் பாடலைக் கேட்கலாம். ஆனால் அதன் உள்ளே நுழைய முடியாது.

கருவிகளோ முதுமையடைகின்றன. பயனர் அமைத்த பேட்ச்களைக் காத்துவரும் பேட்டரி தீர்ந்துபோகிறது. திரையின் விளக்கு மங்குகிறது. பலகைகளின் உற்பத்தி எப்போதோ நின்றுவிட்டது, பழைய பொருள் சந்தையில் மட்டுமே கிடைக்கின்றன. எனவே மென்பொருள் மறுவுருவாக்கம் பழைய நினைவுக்கான ஆசை மட்டும் அல்ல, ஒரு காலகட்டத்தின் இசை ஆவணங்களைத் திறக்கும் சாவியும் அதுவே. இந்த நோக்கில்தான் அதன் தரத்தை மதிப்பிட வேண்டும்.

மூன்று வழிகள்

முதல் வழி, கருவியின் ஒலியை வெளியிலிருந்து பதிவுசெய்வது. ஒவ்வொரு பேட்சையும் பல விசைகளில், பல அழுத்தங்களில் வாசித்துப் பதிந்து, சாம்ப்ளர் மென்பொருளில் ஏற்றுகிறார்கள். செலவு குறைந்த வழி. தனித்து நிற்கும் ஒரு ஸ்வரத்துக்கு இது பெரும்பாலும் போதும். ஆனால் மூன்று அடுக்குகளும் இங்கே ஒன்றாக உறைந்துவிடுகின்றன. ஃபில்டர் திறக்கும் வேகத்தை மாற்ற முடியாது. நான்கு டோன்களில் ஒன்றை நிறுத்த முடியாது. ஒவ்வொரு முறை விசையை அழுத்தும்போதும் வேறொரு புள்ளியிலிருந்து தொடங்கும் அசைவு, பதிவில் ஒரே மாதிரி திரும்பத் திரும்ப வருகிறது. இது சிற்பத்தைப் புகைப்படம் எடுப்பதைப் போன்றது. புகைப்படம் துல்லியமாக இருக்கலாம், ஆனால் அதைச் சுற்றி வந்து பார்க்க முடியாது.

இரண்டாம் வழி, மூல ஒலிமாதிரிகளையும் பேட்ச் தரவையும் வைத்திருக்கும் நிறுவனமே இயந்திரத்தைப் புதிய நிரலாக எழுதுவது. மூன்றாம் வழி, கருவியின் சில்லையும் அதில் ஓடிய ஃபர்ம்வேரையும் கணினிக்குள் அப்படியே இயங்கச் செய்யும் எமுலேட்டர். இவ்விரண்டும் தனித்தனியாகப் பார்க்கத் தக்கவை.

நிறுவனங்களின் மறுவுருவாக்கம்

கோர்க் நிறுவனத்தின் எம்1 இதில் முன்னோடி. 1988-இல் வந்த எம்1 கருவியில் 4 மெகாபைட் ஒலிமாதிரி நினைவகமும் 16 குரல்களும் இருந்தன. கூடுதல் ஒலிகள் அட்டைகளாக விற்கப்பட்டன. 2000-களின் நடுவில் கோர்க் வெளியிட்ட எம்1 மென்பொருள் மூலக் கருவியின் ஒலிகளோடு அந்த அட்டைகளின் ஒலிகளையும், பின்வந்த டி1 கருவியின் ஒலிகளையும் சேர்த்தே தந்தது. 2019-இல் வந்த ட்ரைட்டன் மென்பொருளும் அதே வழியில் இஎக்ஸ்பி-பிசிஎம் விரிவாக்கங்களை உடன் கொண்டுவந்தது. மூலத்தில் தனித்தனியாகக் காசு கொடுத்து வாங்க வேண்டியிருந்த நூலகங்கள் இங்கே ஒரே பொருளின் பகுதிகள். பழைய கோப்பைத் திறக்க வந்தவருக்கு இது பெரிய உதவி.

எம்1 மென்பொருள் மூலத்திலிருந்து விலகும் இடமும் உண்டு. மூல எம்1-இன் ஃபில்டரில் ‘ரெசொனன்ஸ்’ என்ற கூர்மையாக்கும் வசதி கிடையாது. அக்காலத்திலேயே குறையாகச் சொல்லப்பட்ட ஒன்று இது. மென்பொருளில் அதைச் சேர்த்தார்கள். தூய்மைவாதிகள் இதை எதிர்த்தாலும் இங்கே இழப்பு எதுவும் இல்லை. அந்த வசதியைத் தொடாதவரை பழைய பேட்ச் பழையபடியே இருக்கிறது. சேர்த்தது தெரியும்படி சேர்க்கப்பட்டிருக்கிறது, வேண்டாதவர் விலக்கலாம்.

குரல்களின் எண்ணிக்கை இதைவிடச் சிக்கலானது. மூலத்தில் 16 குரல்களே. பதினேழாவது ஸ்வரம் வந்தால் முன்பு ஒலித்துக்கொண்டிருந்த ஏதாவது ஒன்று அறுபடும். அக்கால வாசிப்பாளர்கள் இதை அறிந்தே எழுதினார்கள். ஒலிகளின் வால் அறுபடுவதும் அந்தப் பாடல்களின் தாளத்தில் கலந்துவிட்டது. மென்பொருளில் குரல்கள் தாராளம், எதுவும் அறுபடுவதில்லை. கேட்க இனிமையாக இருக்கும். ஆனால் பழைய கோப்பு பழையபடி ஒலிக்காது. இந்த மாற்றம் ரெசொனன்ஸைப் போலக் கண்ணுக்குத் தெரிவதில்லை.

ரோலண்ட் வேறு வழியில் சென்றது. ரோலண்ட் கிளவுட் சேவையில் ஜேவி-1080, எக்ஸ்வி-5080 ஆகியவை மென்பொருளாக வந்தன. எஸ்ஆர்எக்ஸ் வரிசை ஆர்கெஸ்ட்ரா, கீபோர்ட்ஸ், ஸ்டுடியோ, டான்ஸ் ட்ராக்ஸ், வேர்ல்ட் போன்ற தனித்தனி பிளக்-இன்களாக வந்தது. இங்கே ஒரு வரலாற்றுச் சிக்கல் இருக்கிறது. எஸ்ஆர்எக்ஸ் பலகைகள் ஒவ்வொன்றும் 64 மெகாபைட் அளவுடையவை. அவற்றில் சில, முந்தைய எஸ்ஆர்-ஜேவி80 பலகைகளிலிருந்து ஒலிகளை எடுத்துச் சேர்த்த தொகுப்புகள். கம்ப்ளீட் ஆர்கெஸ்ட்ரா பலகையில் பழைய ஆர்கெஸ்ட்ரல் பலகைகள் இருக்கின்றன. வேர்ல்ட் கலெக்ஷன் பலகையில் பழைய வேர்ல்ட், ஏசியா, லத்தீன் பலகைகளின் ஒலிகள் இருக்கின்றன. சுப்ரீம் டான்ஸ் பலகையில் டான்ஸ், டெக்னோ, ஹவுஸ் பலகைகளின் ஒலிகள் இருக்கின்றன.

எனவே எஸ்ஆர்எக்ஸ் மென்பொருளை வாங்குபவர் பழைய பலகையின் நேரடி மறுபதிப்பைப் பெறுவதில்லை. தேர்ந்தெடுத்த கதைகளின் தொகுதியும் ஓர் ஆசிரியரின் முழுத் தொகுப்பும் வாசகனுக்கு ஒன்றல்ல. முதலாவது நல்ல நூலாக இருக்கலாம், ஆனால் குறிப்பிட்ட ஒரு கதையைத் தேடி வந்தவருக்கு அது இல்லாமல் போகலாம். ஒலிகளின் வரிசையும் எண்ணும் மாறிவிட்டதால், பழைய மிடி கோப்பில் உள்ள எண்கள் இங்கே பொருந்துவதில்லை. இந்த மென்பொருள்கள் புதிதாக இசையமைப்பவருக்கு நிறைவானவை, பழைய கோப்பைத் திறக்க வருபவருக்குப் பாதிச் சாவி.

2012-இல் வந்த இன்டெக்ரா-7 என்ற ரோலண்ட் கருவியை இதோடு ஒப்பிடலாம். அதில் எஸ்ஆர்எக்ஸ் வரிசையின் 12 பலகைகளும் உள்ளேயே இருந்தன. ஆனால் ஒரே நேரத்தில் நான்கு மெய்நிகர் இடங்களில் மட்டுமே ஏற்ற முடியும். பலகை என்ற பொருள் மறைந்தபிறகும் ‘இடம்’ என்ற பழைய வரம்பு தொடர்ந்தது. கணினி மென்பொருளில் அந்த வரம்பு போயிற்று, அதற்குப் பதிலாக உரிமம் என்ற வேறு வரம்பு வந்தது. ரோலண்ட் கிளவுட் தொடக்கத்தில் சந்தா முறையையே நம்பியிருந்தது. 2020-இல் ஒருமுறை பணம் கட்டி வைத்துக்கொள்ளும் வாழ்நாள் உரிமமும் வந்தது. 1995-இல் வாங்கிய பலகை இன்றும் எவர் அனுமதியும் கேட்காமல் ஒலிக்கிறது. இணையத்தில் உரிமம் சரிபார்க்கப்படும் மென்பொருளோ நிறுவனத்தின் சேவையகம் இருக்கும்வரைதான். ஆவணக் காப்பு என்ற நோக்கில் இதுவே இந்த வழியின் மிகப் பெரிய பலவீனம்.

எஃபெக்ட் என்னும் மறந்த அடுக்கு

மறுவுருவாக்கத்தைச் சோதிப்பவர்கள் பெரும்பாலும் ஒரு பேட்சைத் தனியாக வாசித்து ஒப்பிடுகிறார்கள். இந்த முறையில் ஒரு முக்கியமான விஷயம் நழுவுகிறது. ஜேவி-1080-இல் கோரஸ், ரிவெர்ப் ஆகியவற்றுடன் 40 வகைகள் கொண்ட ஒரே ஒரு சிறப்பு எஃபெக்ட் பிரிவு இருந்தது. ஒரு பேட்சைத் தனியாக வாசிக்கும்போது அந்த எஃபெக்ட் முழுக்க அதற்கே. 16 பகுதிகளைச் சேர்த்து ஒரு பாடலை வாசிக்கும்போது எல்லாப் பகுதிகளும் அந்த ஒன்றையே பகிர வேண்டும். தனியாகக் கேட்டபோது மலைக்கவைத்த ஒலி பாடலுக்குள் வந்ததும் உலர்ந்துபோனது ஏன் என்று பயனர்கள் குழம்பியதற்குக் காரணம் இதுதான். ஜேவி-2080-இல் அத்தகைய எஃபெக்ட் பிரிவுகள் மூன்றாயின.

பிளக்-இன் முறையில் ஒவ்வொரு ஒலிக்கும் ஒரு தனிப் பிரதியைத் திறக்கலாம். ஒவ்வொரு பிரதிக்கும் தனி எஃபெக்ட். ஆகவே 1990-களின் பாடலை மென்பொருளில் மறுபடி அமைத்தால் அது மூலத்தைவிட ஈரமாக, அடர்த்தியாக ஒலிக்கும். ஒலிமாதிரி துல்லியமாக இருந்தும் பாடல் வேறாகிவிடுகிறது. குரல் எண்ணிக்கைக்கும் இதே கணக்குதான். நான்கு டோன்கள் கொண்ட பேட்சை வாசித்தால் ஜேவி-1080-இன் 64 குரல்களில் 16 ஸ்வரங்களே கிடைக்கும். இந்தப் பற்றாக்குறைதான் அக்கால இசையமைப்பில் இடைவெளிகளை உண்டாக்கியது.

இயந்திரத்தின் மாதிரி வேகமும் இவ்வகையே. ஜேவி-1080 உள்ளே நொடிக்கு 32,000 மாதிரிகள் என்ற கணக்கில் இயங்கியது. 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் அதில் ஒலியே இல்லை. அதனால் ஒலியில் ஒரு மென்மையான மூடல் இருந்தது. பழைய ஒலிகள் மற்ற வாத்தியங்களோடு மோதாமல் கலவையில் அமர்ந்துகொண்டதற்கு இதுவும் ஒரு காரணம். உயர் வேகத்தில் இயங்கும் புதிய இயந்திரம் அதே மாதிரிகளைத் தெளிவாக வாசிக்கும். தெளிவு எப்போதும் ஆதாயம் என்று கொள்ள முடியாது.

எமுலேட்டர்கள்

மூன்றாம் வழிக்கு முன்னுதாரணம் மண்ட் என்ற திறந்த மூல மென்பொருள். ரோலண்டின் எம்டி-32 கருவியைப் பழைய கணினி விளையாட்டுகளுக்காக அது மீட்டெடுத்தது. பின்னர் எஸ்சி-55 கருவியின் சில்லை ஆராய்ந்து எழுதிய எமுலேட்டர் வந்தது. அதை அடிப்படையாகக் கொண்டு ஜேவி-880-ஐ பிளக்-இன்னாக இயக்கும் திட்டமும் உருவாயிற்று. இவற்றில் ஓடுவது மூலக் கருவியின் ஃபர்ம்வேரே. கணினி, பழைய சில்லைப் போல நடிக்கிறது. எஸ்ஆர்-ஜேவி80 பலகைகளின் நினைவகப் பிரதியையும் இதில் ஏற்றலாம்.

துல்லியத்தில் இந்த வழியே முதலிடம் பெறும். பழைய வரம்புகள், பிழைகள், ஒலியின் சொரசொரப்பு எல்லாம் தாமாகவே வருகின்றன. யாரும் அவற்றை நினைவில் வைத்து மறுபடி எழுத வேண்டியதில்லை. பேட்ச் எண்களும் பழையபடியே இருக்கின்றன. ஓலைச்சுவடியை எழுத்துப் பிழைகளோடு அப்படியே படியெடுப்பவரின் பணி இது. நிறுவனங்கள் செய்வது மொழியைத் திருத்திப் புதுப்பதிப்பு போடுபவரின் பணி. இரண்டுக்கும் தேவை உண்டு, ஆனால் ஒன்றின் இடத்தில் மற்றதை வைக்க முடியாது.

குறைகளும் இருக்கின்றன. ஜேவி-880-க்கு 28 குரல்களே. ஜேவி-1080-இன் சிறப்பு எஃபெக்ட் பிரிவு அதில் கிடையாது. எனவே ஜேவி-1080-இல் எழுதிய பாடலுக்கு இது முழுப் பதிலாகாது. இன்னொன்று உரிமைச் சிக்கல். ஃபர்ம்வேருக்கும் ஒலிமாதிரிகளுக்கும் காப்புரிமை உண்டு என்பதால் எமுலேட்டரோடு அவை தரப்படுவதில்லை. பயனரே தன்னிடம் உள்ள கருவியிலிருந்து நினைவகப் பிரதியை எடுத்துக்கொள்ள வேண்டும். பலகைகளில் தரவு குழப்பி அடுக்கப்பட்டிருந்ததால் அதை அவிழ்ப்பதும் தனி வேலை. கருவி இல்லாத மாணவர் நேர்வழியில் இதை அடைவது கடினம். மிகத் துல்லியமான மறுவுருவாக்கம் மிகக் குறைவானவர்களுக்கே சட்டப்படி கிடைக்கிறது என்பது இத்துறையின் இன்றைய முரண்.

‘உலகம்’ என்ற பலகை

இந்த நூலகங்களை உள்ளடக்க நோக்கிலும் விமர்சிக்க வேண்டும். வேர்ல்ட் என்று பெயரிட்ட பலகையில் மேற்கத்திய ஆர்கெஸ்ட்ராவுக்கும் பாப் இசைக்கும் வெளியே உள்ள கருவிகள் சேர்ந்தன. பியானோவுக்கு ஒரு முழுப் பலகை. மொத்த ஆசியாவுக்கும் ஒரு பலகை. 1991-இல் வகுக்கப்பட்ட ஜெனரல் மிடி தரத்தின் 128 ஒலிகளிலும் இதே பார்வைதான். ‘எத்னிக்’ என்ற எட்டு ஒலிகளில் சிதாரும் ஷெனாயும் உண்டு, வீணையும் நாகஸ்வரமும் இல்லை. விற்பனைச் சந்தை எங்கே இருந்ததோ அங்கிருந்து பார்த்தால் உலகம் எப்படித் தெரிந்தது என்பதற்கு இது சான்று.

தொழில்நுட்பக் காரணமும் இருக்கிறது. ஒலிமாதிரியை உயர்ந்த விசையில் வாசித்தால் அது வேகமாகவும் ஓடும். பியானோவுக்கு இதனால் பெரிய சேதமில்லை. கமகத்தோடு பதிவுசெய்த ஒரு ஸ்வரத்தை இரண்டு விசை மேலே வாசித்தால் கமகத்தின் அசைவும் வேகமாகிவிடும். கமகம் இல்லாமல் பதிந்தால் நம் செவிக்கு அது ஸ்வரமே அல்ல. பன்னிரண்டு சமப் பகுப்பு விசைகளை மையமாகக் கொண்ட இயந்திரத்தில் இந்திய இசைக் கருவிகள் ஒரு வாசனையாக மட்டுமே நுழைய முடிந்தது. துல்லியமான மென்பொருள் இந்த வரம்பையும் துல்லியமாகவே மீட்கும். மீட்கவும் வேண்டும், ஏனெனில் அக்காலப் பாடல்களில் கேட்பது அந்தச் சிதாரைத்தான். ஆனால் இன்று புதிதாக இசையமைப்பவர் அதை ஒரு காலகட்டத்தின் ஒலியாக அறிந்து பயன்படுத்த வேண்டும், சிதாருக்கு மாற்றாக அல்ல.

மதிப்பீடு

மூன்று வழிகளையும் ஒரே அளவுகோலால் அளப்பது பொருந்தாது. ஒரு ஒலியின் சாயல் மட்டும் வேண்டும் என்றால் பதிவுசெய்த நூலகம் போதும். அந்த ஒலியைத் திறந்து மாற்றிப் புதிய இசை செய்ய நிறுவனங்களின் மென்பொருளே சிறந்தது. பழைய கோப்பு எப்படி ஒலித்தது என்று அறிய வேண்டுமானால் எமுலேட்டரே நெருங்கி வருகிறது, கருவி கையில் இருந்தால் கருவியே முதன்மைச் சான்று.

நிறுவனங்கள் மூன்று காரியங்களைச் செய்தால் இந்த இடைவெளி பெருமளவு குறையும். ஒவ்வொரு பழைய பலகையையும் அதன் மூல வரிசையோடும் எண்ணோடும் முழுமையாக வெளியிடுவது முதலாவது. குரல் எண்ணிக்கை, மாதிரி வேகம், பகிர்ந்த எஃபெக்ட் ஆகியவற்றைப் பழையபடி வைத்துக்கொள்ள ஒரு தெரிவு தருவது இரண்டாவது. எம்1-இன் ரெசொனன்ஸில் செய்ததை இங்கே தலைகீழாகச் செய்தால் போதும். மூலத்திலிருந்து எங்கே விலகினோம் என்று கையேட்டிலேயே குறிப்பிடுவது மூன்றாவது. ஒரு பழந்தமிழ் நூலின் பதிப்பாசிரியரிடம் பாடபேதங்களைக் காட்டச் சொல்வது எவ்வளவு இயல்போ, அவ்வளவு இயல்பான கோரிக்கை இது.

இத்துறையைப் படிக்கும் மாணவர், மென்பொருளின் விளம்பரத்தில் கொடுக்கும் ஒற்றை ஸ்வர ஒப்பீட்டை நம்பி முடிவுக்கு வரக் கூடாது. பல பகுதிகள் கொண்ட ஒரு பழைய மிடி கோப்பை எடுத்து, அதை மென்பொருளிலும் எமுலேட்டரிலும் முடிந்தால் கருவியிலும் முழுமையாக வாசிக்கச் செய்ய வேண்டும். வால் எங்கே அறுபடுகிறது, எந்தப் பகுதி எஃபெக்ட் இல்லாமல் உலர்ந்து ஒலிக்கிறது, எந்த எண்ணுக்குத் தவறான ஒலி வருகிறது என்று குறித்துக்கொள்ள வேண்டும். அந்தக் குறிப்பே மறுவுருவாக்கத்தின் தரத்தைச் சொல்லும்.